அயர்ன் பவுல்: போவதென்றால் ஆபர்னுக்குப் போங்கள்

அமெரிக்காவில் இருக்கும் நம்மவர்கள் பலர் கூடைப்பந்துக்கும் பேஸ்பாலுக்கும் தாராளமாகச் செலவு செய்வார்கள், ஆனால் கல்லூரி ஃபுட்பால் (கால்பந்து அல்ல, அமெரிக்க ஃபுட்பால்) என்றதும் "காலேஜ் பசங்க ஆட்டம்தானே" என்று விட்டுவிடுவார்கள். இந்த நாட்டில் ஒரே ஒரு ஆட்டத்துக்குத்தான் உங்களால் காசு போட முடியும் என்றால், அலபாமாவும் ஆபர்னும் மோதும் அயர்ன் பவுலுக்குப் போடுங்கள், அதுவும் ஆபர்னில் நடக்கும் வருஷத்தில் போடுங்கள் என்பேன். 2023 நவம்பர் 25 அன்று ஜோர்டன்-ஹேர் மைதானத்தில் உட்கார்ந்து பார்த்துவிட்டுத்தான் சொல்கிறேன். ஃபுட்பால் விதிகள் எனக்குப் பாதிதான் தெரியும். அது ஒரு குறையாகவே தெரியவில்லை, ஏனென்றால் எப்போது எழ வேண்டும், எப்போது கத்த வேண்டும், எப்போது மூச்சைப் பிடித்துக்கொள்ள வேண்டும் என்பதைச் சுற்றி இருக்கும் கூட்டமே சொல்லிக்கொடுத்துவிடுகிறது.

முதலில் ஒரு விஷயம் புரிய வேண்டும். அலபாமா மாநிலத்துக்குத் தொழில்முறை ஃபுட்பாலின் என்.எஃப்.எல். அணி கிடையாது, கூடைப்பந்தின் என்.பி.ஏ. அணியும் கிடையாது. மற்ற மாநிலங்களில் நாலைந்து அணிகளுக்குப் பிரிந்துபோகும் பாசம் இங்கே இரண்டே கல்லூரிகளுக்குள் அடங்கிவிடுகிறது. டஸ்கலூசாவில் இருக்கும் அலபாமா பல்கலைக்கழகம் கருஞ்சிவப்பு, ஆபர்ன் பல்கலைக்கழகம் நீலமும் ஆரஞ்சும். அந்த மாநிலத்தில் குடியேறுகிறவரிடம் அக்கம்பக்கத்தார் சீக்கிரமே கேட்டுவிடும் கேள்வி, நீங்கள் எந்தப் பக்கம் என்பது. புருஷன் ஒரு கல்லூரி, பெண்டாட்டி இன்னொன்று என்று இருக்கும் வீடுகளும் உண்டு, அவர்களுக்கென்றே பாதி ஒரு நிறம், பாதி இன்னொரு நிறமாக அச்சடித்த கார் பலகைகள் விற்கிறார்கள். தேங்க்ஸ்கிவிங் முடிந்த கையோடு இந்த ஆட்டம் வருவதால், ஒரே சாப்பாட்டு மேசையில் வான்கோழி சாப்பிட்ட சொந்தக்காரர்கள்தான் ஒன்றிரண்டு நாளில் எதிரெதிர்ச் சட்டை போட்டுக்கொண்டு வருகிறார்கள். அன்று தோற்றால் அடுத்த வருஷம் வரைக்கும் அதே அலுவலகத்தில், அதே தேவாலயத்தில், அதே மளிகைக் கடையில் கேட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

முதல் ஆட்டம் நடந்தது 1893-இல், பர்மிங்காமில். ஆபர்ன் 32-22 என்று ஜெயித்தது. 1907-இல் 6-6 என்று சமமாக முடிந்ததோடு உறவே அறுந்துபோனது. ஆட்டக்காரர்களுக்கு எவ்வளவு படி கொடுப்பது, நடுவர் யார் என்ற தகராறில் 41 வருஷம் இரண்டு கல்லூரிகளும் ஒன்றோடொன்று ஆடவே இல்லை! மாநிலச் சட்டமன்றமே தலையிட்ட பிறகு 1948-இல் மறுபடி ஆடினார்கள், ஆட்டத்துக்கு முன்னால் இரு தரப்பு மாணவர் தலைவர்களும் சேர்ந்து பர்மிங்காம் பூங்கா ஒன்றில் ஒரு கோடரியைக் குழி தோண்டிப் புதைத்தார்கள். அந்த ஆட்டத்தில் அலபாமா 55-0 என்று நொறுக்கியது தனிக்கதை. அதற்குப் பிறகு இரும்பு, எஃகு ஆலைகளின் ஊரான பர்மிங்காமின் லீஜன் ஃபீல்டுதான் பொது மைதானம். தன் சொந்த மண்ணில் அலபாமாவை ஆட வைக்க ஆபர்ன் 1989 டிசம்பர் 2 வரை காத்திருக்க வேண்டியிருந்தது, அன்று 30-20 என்று ஜெயித்தார்கள். அந்தக் காத்திருப்பின் சூடு இன்னும் அந்த ஊரில் ஆறவில்லை. ஆபர்னுக்குப் போங்கள் என்று நான் வற்புறுத்துவது அதனால்தான்.

2023-இல் ஆட்டம் பிற்பகல் 2.30 மணிக்கு. எந்த நேரத்தில் இருந்தாலும் காலையிலேயே போய்ச் சேருங்கள். வளாகம் முழுக்கக் கூடாரம், அடுப்பு, டிவி என்று டெயில்கேட், அதாவது ஆட்டத்துக்கு முந்தைய விருந்து நடக்கும், முன்பின் தெரியாதவர்களையும் கூப்பிட்டுத் தட்டைக் கையில் கொடுக்கிறார்கள், எதிரணிச் சட்டை போட்டவர்களையும்தான். சைவம் சாப்பிடுகிறவர்கள் மட்டும் எதையாவது கட்டிக்கொண்டு போய்விடுங்கள், பன்றிக்கறியும் மாட்டுக்கறியும்தான் பெரும்பாலும். ஆனால் அந்தப் பக்கத்துச் சாலையோரங்களில் உப்புப் போட்டு வேகவைத்த நிலக்கடலை கிடைக்கும், விட்டுவிடாதீர்கள். டூமர்ஸ் கார்னர் என்ற தெருமுனையில் இருக்கும் பழைய மருந்துக்கடையின் எலுமிச்சை ஜூஸ் நன்றாக இருக்கிறது, வரிசையில் நிற்கலாம். ஆட்டக்காரர்கள் கூட்டத்தின் நடுவே நடந்து மைதானத்துக்குள் போகும் டைகர் வாக்கைக் குழந்தைகளோடு போகிறவர்கள் தவறவிடக் கூடாது. இருபது வயதுப் பையன்கள் கண் நேராகப் பார்த்து நடக்க, இரண்டு பக்கமும் தாத்தா பாட்டிகள் கையை நீட்டித் தட்டிக்கொடுக்கிறார்கள், அந்த முகங்களைப் பார்த்த பிறகு "பசங்க ஆட்டம்" என்று சொல்ல வாய் வராது.

மைதானத்தில் 88,043 பேர் உட்காரலாம். இருக்கை என்றால் பெரும்பாலும் அலுமினிய பெஞ்சுதான், தோளோடு தோள் இடித்துக்கொண்டுதான் உட்கார வேண்டும். பாதி நேரம் நிற்கத்தான் போகிறீர்கள், அதனால் பரவாயில்லை. சின்னக் கைப்பர்ஸ் தவிர்த்தால், உள்ளே இருப்பது வெளியே தெரியும் பிளாஸ்டிக் பை மட்டும்தான் அனுமதி, மற்ற பைகளைக் காரிலேயே வைத்துவிடுங்கள். ஆட்டத்துக்கு முன் மைதானத்தின் மேலே கழுகைப் பறக்கவிடுவது அந்த ஊர் வழக்கம், அரை மணி முன்னதாகவே இடத்தில் இருங்கள். பந்தை உதைக்கும் நேரம் வந்ததும் மொத்தக் கூட்டமும் "வாஆஆர்" என்று நீட்டி இழுத்து, உதைத்த நொடியில் "ஈகிள், ஹே!" என்று முடிக்கும்போது பெஞ்சு அதிர்வது காலில் தெரிகிறது. இது டிவியில் வராது.

ஆட்டம் 60 நிமிஷம், ஆனால் உட்கார்ந்திருப்பது மூன்றரை மணி நேரத்துக்கு மேல். விளம்பரத்துக்காக நிறுத்திக்கொண்டே இருக்கிறார்கள். வீட்டில் என்றால் எழுந்து காபி போடலாம், இங்கே ஆட்டக்காரர்கள் சும்மா நிற்பதைப் பார்த்துக்கொண்டிருக்க வேண்டும். காசு கொடுத்து வந்த 88,000 பேருக்கு இது அநியாயம் என்றே நினைக்கிறேன்.

சரி, ஆட்டத்துக்கு வருகிறேன். முந்தின வாரம்தான் ஆபர்ன் இதே மைதானத்தில் நியூ மெக்சிகோ ஸ்டேட்டிடம் 31-10 என்று தோற்றிருந்தது. அலபாமாவோ புகழ்பெற்ற பயிற்சியாளர் நிக் சேபனின் அணி, தேசியப் பட்டத்துக்கான பிளேஆஃபுக்குப் போகும் வழியில் இருந்த அணி. அன்றைக்கு யாரும் ஆபர்ன்மேல் நம்பிக்கை வைக்கவில்லை, ஆனால் கடைசிக் கட்டத்தில் 24-20 என்று முன்னால் இருந்தது ஆபர்ன்தான். அலபாமா பண்ட் அடித்தது, அதாவது பந்தை எதிரணிக்கு உதைத்து அனுப்பியது, ஆபர்ன் பையன் பந்தைப் பிடிக்கத் தவறினான், பந்து திரும்ப அலபாமா கைக்குப் போய்விட்டது. அங்கிருந்து அவர்கள் கோல் கோட்டுக்கு மிக அருகில் வந்துவிட்டார்கள், பிறகு ஒரு மோசமான ஸ்னாப் (பந்தைப் பின்னால் கொடுத்து ஆட்டத்தைத் தொடங்குவது), ஒரு பெனால்டி என்று பின்வாங்கிப் பின்வாங்கி, நாலாவது டவுனில், அதாவது நாலாவது முயற்சியில், கோட்டிலிருந்து 31 யார்டு தூரத்தில் வந்து நின்றார்கள். கடைசி வாய்ப்பு. ஆபர்ன் இரண்டே பேரை மட்டும் பந்தை எறியும் குவார்ட்டர்பேக்கை நோக்கி அனுப்பிவிட்டு மற்றவர்களைப் பின்னால் நிறுத்தியது. அலபாமாவின் குவார்ட்டர்பேக் ஜேலன் மில்ரோவுக்கு நிதானமாக நிற்க நேரம் கிடைத்தது. நின்றார், நின்றுகொண்டே இருந்தார், பிறகு இடது மூலைக்கு எறிந்தார். அங்கே ஐசையா பாண்ட் எகிறிப் பிடித்தார். கடிகாரத்தில் 32 விநாடி மிச்சம். 27-24. என் வரிசையில் இருந்த ஒரு பெரியவர் தலையில் கை வைத்தபடி அப்படியே உட்கார்ந்துவிட்டார், மேலே ஒரு மூலையில் மட்டும் கருஞ்சிவப்புக் கூட்டம் குதித்துக்கொண்டிருந்தது. அதன் பிறகும் யாரும் கிளம்பவில்லை.

ஏன் கிளம்பவில்லை என்றால், 2013-இல் இதே மைதானத்தில் நடந்தது எல்லோருக்கும் மனப்பாடம். 28-28, கடிகாரத்தில் ஒரே ஒரு விநாடி. அலபாமா கம்பங்களுக்கு நடுவே பந்தை அனுப்பும் ஃபீல்டு கோலுக்கு 57 யார்டிலிருந்து உதைக்க, தூரம் போதாமல் விழுந்த பந்தைக் கோல் கோட்டுக்குப் பின்னால் நின்ற ஆபர்னின் கிறிஸ் டேவிஸ் பிடித்து மறுமுனை வரை ஓடி முடித்தார். 34-28. அதைக் கண்ணால் பார்த்த ஊர்க்காரர்கள் 32 விநாடி இருக்கும்போது எழுந்து போவார்களா! 2023-இல் அற்புதம் எதுவும் நடக்கவில்லை, ஆபர்னின் கடைசி எறிதலை அலபாமா பறித்துவிட்டது. அடுத்து வந்த 2024 ஜனவரியில் சேபன் ஓய்வு பெற்றார், அதனால் நாங்கள் பார்த்தது அவருடைய கடைசி அயர்ன் பவுல்.

எல்லா வருஷமும் இப்படி அமையும் என்று நம்பிப் போகாதீர்கள். 2012-இல் டஸ்கலூசாவில் அலபாமா 49-0 என்று ஜெயித்தது. அப்படி ஒரு வருஷம் மாட்டினால் பாதியிலேயே கூட்டம் கலையும். அப்புறம், இந்தப் பகை எப்போதும் அன்பான பகை என்றும் சொல்ல மாட்டேன். ஆபர்ன் ஜெயித்தால் டூமர்ஸ் கார்னர் மரங்களில் டாய்லெட் பேப்பர் சுருளை வீசிக் கொண்டாடுவார்கள், அந்தப் பழைய ஓக் மரங்களுக்கு 2010 ஆட்டத்துக்குப் பிறகு ஓர் அலபாமா ரசிகர் விஷம் வைத்தார். 2013-இல் வெட்டி எடுக்க வேண்டியதாயிற்று. அவர் சிறைக்குப் போனார், அந்த மரங்கள் போனது போனதுதான். இப்போது நிற்பவை புதிதாக நட்டவை.

டிக்கெட் விஷயம்: மறுவிற்பனையில் நூற்றுக்கணக்கான டாலர் ஆகும், இரண்டு அணியும் நன்றாக ஆடும் வருஷத்தில் இன்னும் ஏறும். மைதானத்தின் நடுப்பகுதிக்காகக் காசைக் கொட்ட வேண்டாம். கோல் கோட்டுக்குப் பின்னால் உயரமான இடம் வாங்கினால், பந்தோடு ஓடுகிறவனுக்கு முன்னால் வழி திறப்பதும் அடைவதும் அழகாகத் தெரியும், விலையும் குறைவு. ஒற்றைப்படை ஆண்டில் ஆபர்ன், இரட்டைப்படை ஆண்டில் டஸ்கலூசா. டஸ்கலூசாவின் பிரையன்ட்-டென்னியில் ஒரு லட்சம் பேர் உட்காரலாம், அதுவும் பெரிய அனுபவம்தான், ஆனால் அங்கே ஜெயித்துப் பழகிய கூட்டம், ஆபர்னில் ஜெயித்தே ஆக வேண்டும் என்று வரும் கூட்டம். எனக்கு இரண்டாவதுதான் பிடித்திருக்கிறது.

அட்லாண்டாவிலிருந்து வருகிறவர்களுக்கு ஐ-85 நேர் வழி, சாதாரண நாளில் இரண்டு மணி நேரத்துக்குள் வந்துவிடலாம். ஆபர்ன் கடிகாரம் அட்லாண்டாவைவிட ஒரு மணி நேரம் பின்னால் ஓடுவதால் வரும்போது லாபம், திரும்பும்போது நஷ்டம். ஆட்டம் முடிந்ததும் காரை எடுக்க அவசரப்படாதீர்கள், சாலை நகரவே நகராது. கொஞ்ச நேரம் வளாகத்தில் நடந்துவிட்டு, ஏதாவது கூடாரத்தில் மிச்சம் இருக்கும் சாப்பாட்டைச் சாப்பிட்டுவிட்டு, இருட்டிய பிறகு கிளம்புங்கள்.