கோட்டை வாசல் படம் போட்டு மைன்கிராஃப்ட் சர்வருக்குக் காசு கேட்கிறான், வேலூர்ப் பக்கத்துப் பெற்றோர் கவனிக்கவும்

போன வாரம் என்னோடு வேலை செய்யும் ஒருவர் தன் போனை நீட்டி, "இது நல்லதாங்க? என் பொண்ணு சேரணும்னு கேக்குறா" என்றார். அவர் வீடு வாலாஜாவில். மகளுக்கு யாரோ அனுப்பிய அழைப்பு அது. நம்ம ஊர்ப் பிள்ளைகளுக்கான மைன்கிராஃப்ட் சர்வர், மாதம் 300 ரூபாய், இன்னும் சில இடங்களே பாக்கி என்று எழுதி, கீழே ஒரு கோட்டை வாசல் படம் போட்டிருந்தது. மைன்கிராஃப்ட் என்பது கட்டைகளை அடுக்கி ஓர் உலகமே கட்டும் கணினி ஆட்டம்; பல பேர் இணையம் வழியாக ஒரே உலகத்தில் சேர்ந்து ஆட உதவும் கணினிதான் சர்வர். அந்த வாசலைப் பார்த்ததும் எனக்கு வயிறு எரிந்தது. அது என் அக்கா மகனும் அவன் நண்பர்கள் இரண்டு பேரும் கட்டியது. அவர்களை ஏமாற்றித் துரத்திவிட்டு, அவர்கள் கட்டியதையே காட்டி அடுத்த பிள்ளைகளைப் பிடிக்கிறான். அதனால்தான் நடந்ததை முழுதாக எழுதுகிறேன்.

நாங்கள் சத்துவாச்சாரி. அக்கா மகன் எட்டாம் வகுப்பு முடித்திருந்தான். கோடை விடுமுறையில் மைன்கிராஃப்டில் வேலூர்க் கோட்டையைக் கட்டப் போகிறோம் என்று மூன்று பேரும் கிளம்பினார்கள். அந்த ஆட்டத்தில் ஒரு பிளாக், அதாவது ஒரு கட்டை, ஒரு மீட்டர் கணக்கு. கோட்டை 133 ஏக்கர். தரைக்கு மட்டும் 5,38,000 பிளாக் வரும் என்று பையன் நோட்டில் கணக்குப் போட்டுக் காட்டினான். முழுசும் முடியாது, மதிலும் அகழியும் வாசலும் ஜலகண்டேஸ்வரர் கோயில் கோபுரமும் போதும் என்று அவர்களே முடிவு செய்தார்கள். ஒரு ஞாயிற்றுக்கிழமை என்னை இழுத்துக்கொண்டு போய் மதில் ஓரமாக நடந்து, காலடி எண்ணி அளந்துவந்தார்கள். 1806 ஜூலை 10-ஆம் தேதி சிப்பாய்கள் எழுந்தது இந்த மதிலுக்குள்தான் என்று நான் சொன்னபோது, "அப்போ எந்தப் பக்கம் மாமா உள்ளே வந்தாங்க?" என்று கேட்டான். பள்ளிப் புத்தகத்தில் படித்தபோது அவன் கேட்காத கேள்வி அது.

கிரியேட்டிவ் என்ற ஆட்ட முறையில் கட்டினால் பிளாக் கணக்கில்லாமல் கிடைக்கும். இவர்கள் வேண்டாம் என்றார்கள். எல்லாவற்றையும் தாங்களே தேடிச் சேர்க்க வேண்டிய சர்வைவல் முறையில், தோண்டித்தான் கட்டுவார்களாம். ஒவ்வொரு கல்லையும் தோண்டி, உலையில் சுட்டு, அப்புறம் செங்கல் வடிவில் செதுக்க வேண்டும். ஒரு நிலக்கரிக்கு எட்டுக் கல்தான் வேகும். அப்படி ஆயிரக்கணக்கில் சுட்டார்கள். இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், போனது வெறும் விளையாட்டு என்று நினைக்கிறவர்களுக்காக. ஒன்றரை மாத உழைப்பு.

முதலில் எங்கள் வீட்டிலேயே, ஒரே வைஃபையில், மூன்று லேப்டாப் வைத்து லேன் முறையில் விளையாடினார்கள். அதற்குப் பைசா செலவில்லை, வெளியாள் யாரும் உள்ளே வர முடியாது. பிறகு ஒரு பையனின் அப்பாவுக்கு ஆரணிக்கு மாற்றல் வந்தது. வேறு வேறு ஊரிலிருந்து ஒரே உலகத்தில் சேர வேண்டுமானால் சர்வர் வேண்டும். தேடிக்கொண்டிருந்த நேரத்தில்தான் ஓர் அரட்டைக் குழுவில் இந்த ஆள் வந்தான். தான் காட்பாடிப் பக்கம் இன்ஜினியரிங் படிப்பதாகச் சொன்னான். ஊர்ப் பேச்சு, "தம்பி, தம்பி" என்று அன்பான குரல். கோட்டை கட்டுகிறோம் என்றதும், "உங்க உலகத்தையே என் சர்வர்ல ஏத்தித் தரேன், தலைக்கு 300 குடுங்க" என்றான்.

மூன்று பேருக்கும் சேர்த்து 900 ரூபாயை நான்தான் அனுப்பினேன். கியூஆர் ஸ்கேன் செய்ததும் திரையில் வந்த பெயர் அவன் சொன்ன பெயர் இல்லை. கேட்டேன். அம்மா கணக்கு என்றான். திரையில் வந்திருந்தது ஓர் ஆணின் பெயர். அங்கேயே நிறுத்தியிருக்க வேண்டும். மாமனுக்காகப் பையன் பக்கத்தில் காத்துக்கொண்டிருந்தான், அனுப்பிவிட்டேன்.

முதல் வாரம் நன்றாகப் போனது. வாசலை அந்த வாரம்தான் கட்டி முடித்தார்கள். இரண்டாம் வாரம் வைரக் கவசமும் வாளுமாக யாரோ வந்து பிள்ளைகளை அடித்து, பெட்டியில் சேர்த்துவைத்த கல்லையெல்லாம் அள்ளிக்கொண்டு போனார்கள். முறையிட்டதற்கு, "அவங்க ரேங்க் வாங்கினவங்க தம்பி, நீங்களும் வாங்கிக்கோங்க" என்றான். ரேங்க் என்றால் காசு கொடுத்து வாங்கும் உயர்நிலை, அதோடு வாளும் கவசமும் கிடைக்கும். தலைக்கு 450. மூன்று பேருக்கும் 1350. மூன்றாம் வாரம் ஒருநாள் இரவு தென்பக்க மதிலில் யாரோ டிஎன்டி என்ற வெடி வைத்து நாற்பது பிளாக் நீளத்துக்கு உடைத்துவிட்டார்கள். இடத்துக்குப் பூட்டுப் போட்டுத் தர 600 கேட்டான். அதையும் கொடுத்தோம். மதிலை உடைத்த அந்தப் பெயரும் இந்த ஆளும் ஒரே நேரத்தில் சர்வரில் இருந்து பார்த்ததே இல்லை என்று பையன் பின்னால் சொன்னான். என்னால் நிரூபிக்க முடியாது. பையன் கவனித்ததை அப்படியே எழுதுகிறேன்.

இதில் எனக்குத் தெரியாமல் இருந்த ஒன்று: காசுக்கு வாளும் கவசமும் விற்பதே விதிக்கு விரோதம். இந்த ஆட்டத்தை உருவாக்கிய மோஜாங் நிறுவனம் 2014-லேயே இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது. சர்வர் நடத்துகிறவர் உள்ளே சேரக் கட்டணம் வாங்கலாம், அழகுக்கான பொருள் விற்கலாம். மற்றவரைவிடப் பலம் கொடுக்கும் எதையும் விற்கக் கூடாது. ரேங்க் வாங்கினால் வைர வாள் என்று யாராவது சொன்னாலே ஒதுங்கிவிடுங்கள்.

இதுவரை போனது 2850 ரூபாய். அதோடு விட்டிருந்தால் இந்தப் பதிவை எழுதியிருக்கமாட்டேன்.

நான்காம் வாரம், திருட்டுக் கணக்குகளை விரட்டுவதற்காக எல்லோரும் வெரிஃபை செய்ய வேண்டும் என்று அறிவித்தான். அரட்டைக் குழுவில் ஒரு பாட் (தானாகப் பதில் சொல்லும் நிரல்) இருக்கும், அதில் ஆட்டப் பெயரையும் மின்னஞ்சலையும் கொடுத்தால் ஒரு கோடு (code, ரகசிய எண்) வரும், அந்தக் கோடைப் பதிய வேண்டும், மதியம் இரண்டு மணிக்குள் செய்யாதவர்களின் கட்டடம் அழிக்கப்படும் என்றான். மைக்ரோசாஃப்ட் 2014-இல் மோஜாங்கை வாங்கிவிட்டதால் இப்போது மைன்கிராஃப்ட் விளையாட மைக்ரோசாஃப்ட் கணக்கு வேண்டும். பையன் கணக்கு என் ஜிமெயில் முகவரியில் இருந்தது. நான் அப்போது ராணிப்பேட்டை சிப்காட்டில் ஷிப்டில் இருந்தேன். சாப்பாட்டு இடைவேளையில் பையன் போன் செய்தான்.

"மாமா, மெயில்ல ஒரு கோடு வந்திருக்கும் பாருங்க. சீக்கிரம் சொல்லுங்க, கோட்டை போயிடும்."

பார்த்தேன். உண்மையாகவே மைக்ரோசாஃப்ட் அனுப்பிய மின்னஞ்சல். போலி முகவரி இல்லை, எழுத்துப் பிழை இல்லை. அதனாலேயே சந்தேகம் வரவில்லை. எண்ணைப் படித்தேன். இரண்டு நிமிடத்தில் மறுபடியும் போன்.

"அது தப்பாயிடுச்சாம் மாமா. இன்னொண்ணு வந்துதா?"

வந்திருந்தது. அதையும் படித்தேன்.

முதல் கோடில் அவன் உள்ளே நுழைந்தான். இரண்டாவது கோடில் பாஸ்வேர்டையும் மீட்பு முகவரியையும் மாற்றிக்கொண்டான். அடுத்ததாக, உங்கள் பாதுகாப்பு விவரம் மாற்றப்பட்டது, நீங்கள் மாற்றவில்லை என்றால் இங்கே அழுத்துங்கள் என்று மைக்ரோசாஃப்ட் எச்சரிக்கையும் அனுப்பியிருக்கிறது. ஷிப்ட் முடிந்து சாயங்காலம் ஆறு மணிக்குத்தான் அதைப் பார்த்தேன். அதற்குள் என் முகவரியே அந்தக் கணக்கில் இல்லை. மீட்புப் படிவம் நிரப்பிப் பார்த்தேன். இரண்டு அடுக்குப் பாதுகாப்பு போட்டிருக்கும் கணக்குக்கு அந்தப் படிவம் வேலை செய்யாது. திருடினவன் அதையும் போட்டுவைத்திருந்தான். காசு கொடுத்து வாங்கிய ஆட்டம் கணக்கோடு போனது.

தெருவில் இருக்கும் இன்னொரு பையனும் தன் அப்பாவிடம் கோடு கேட்டிருக்கிறான். அவர், "பேங்க்காரனே கேக்கக் கூடாதுன்றான், இவன் யார்ரா கேக்குறதுக்கு?" என்று மறுத்துவிட்டார். அவருக்கு மைன்கிராஃப்ட் என்றால் என்னவென்றே தெரியாது. அவர் பிள்ளையின் கணக்கு தப்பியது. இரண்டு கோடையும் படித்துச் சொன்னது நான். பையன் என்மேல் கோபப்படவில்லை, தானே தப்பு செய்ததாக நினைத்து இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. அவன் முன்னால் உட்கார்ந்து, தப்பு என்னுடையது என்று சொன்னேன்.

அன்றைக்கே மூன்று பேரையும் சர்வரிலிருந்து நீக்கிவிட்டான். கட்டிய உலகத்தின் ஃபைலையாவது கொடு என்று கெஞ்சியதற்கு 2000 ரூபாய் கேட்டான். கொடுக்கவில்லை. அப்புறம் எண்ணே போய்விட்டது. சைபர் குற்ற உதவி எண்ணான 1930-க்கு அழைத்துச் சொல்லி, சைபர்கிரைம் இணையதளத்தில் புகாரும் பதிந்திருக்கிறோம். பணம் போன உடனேயே அழைத்தால் அது போய்ச் சேர்ந்த கணக்கில் நிறுத்திவைக்க வழி இருக்கிறது. நாங்கள் அழைத்தபோது முதல் பணம் போய் ஒரு மாதம் ஆகியிருந்தது. நீங்கள் அப்படித் தாமதிக்காதீர்கள். தொகை சின்னது, போலீஸ் கண்டுகொள்ளமாட்டார்கள் என்று விட்டுவிடவும் வேண்டாம். 300 ரூபாய் என்றால் யாரும் புகார் கொடுக்கமாட்டார்கள் என்பதுதான் அவன் நம்பிக்கை.

இப்போது முக்கியமான விஷயம். மைன்கிராஃப்ட் சர்வருக்கு இந்த வெரிஃபை வேலையே தேவையில்லை. ஒழுங்காக நடக்கும் ஜாவா சர்வரில் (ஜாவா என்பது கணினியில் ஆடும் மைன்கிராஃப்ட் வகை) ஆன்லைன் மோட் என்று ஓர் அமைப்பு இருக்கும். நீங்கள் உள்ளே சேரும் அந்த நொடியிலேயே உங்கள் கணக்கு உண்மையானதா என்று சர்வர் தானாகவே கேட்டுத் தெரிந்துகொள்ளும். சில நல்ல சர்வர்களிலும் அரட்டைக் குழுவோடு இணைக்க ஒரு கோடு தருவார்கள், உண்மைதான். ஆனால் அது ஆட்டத்துக்குள் அந்த சர்வரே திரையில் காட்டும் கோடு. உங்கள் மின்னஞ்சலுக்கோ போனுக்கோ மைக்ரோசாஃப்ட் அனுப்பும் கோடு உங்கள் வீட்டுச் சாவி. அதை எவன் கேட்டாலும் திருட வந்திருக்கிறான் என்றே வைத்துக்கொள்ளுங்கள்.

பிள்ளைகள் வெவ்வேறு ஊரில் இருந்தால் என்ன செய்வது? மோஜாங்கே நடத்தும் ரெல்ம்ஸ் என்ற மாதச் சந்தா இருக்கிறது. ஒரு வீட்டில் கட்டினால் போதும், அழைக்கப்படும் பிள்ளைகள் சேரக் காசு வேண்டாம், அழைக்காதவர் வரவே முடியாது. உலகத்தை எப்போது வேண்டுமானாலும் நம் கணினிக்கு இறக்கிக்கொள்ளலாம். இது தெரியாமல் கண்டவனுக்குக் கொட்டிக் கொடுத்தேன். சர்வர் மென்பொருளும் அதிகாரப்பூர்வ தளத்தில் இலவசமாகவே கிடைக்கிறது. பழைய லேப்டாப்பில் போட்டு, வைட்லிஸ்ட் என்ற அனுமதிப் பட்டியலில் நண்பர்களின் பெயரை மட்டும் சேர்த்துவைக்கலாம். ஆனால் நம் பக்கத்தில் பல பிராட்பேண்ட் இணைப்புகளில் வெளியிலிருந்து நேராக உள்ளே வர வழி இருக்காது, இணைப்பு கொடுத்தவரிடம் கேட்டுக்கொள்ளுங்கள். எல்லாப் பிள்ளைகளிடமும் ஒரே வகை ஆட்டம் இருக்கிறதா என்றும் பாருங்கள். போனில் விளையாடும் பெட்ராக் வகையும் கணினியில் இருக்கும் ஜாவா வகையும் சாதாரணமாக ஒன்றோடொன்று சேராது. "ரெண்டையும் சேர்த்துத் தரேன்" என்று இதற்கும் ஒருவன் காசு கேட்டதாக ஆரணிப் பையன் சொன்னான்.

கணக்கு விஷயத்தில் நான் சோம்பேறித்தனமாக என் முகவரியையே கொடுத்தேன். பிள்ளைக்குத் தனியாகக் குழந்தைக் கணக்கு தொடங்கி, நம் குடும்பக் குழுவில் சேர்த்துவிடுங்கள். யாரோடு சேர்ந்து விளையாடலாம் என்பதற்கு நம் அனுமதி வேண்டியிருக்கும். இரண்டு அடுக்குப் பாதுகாப்பைத் திருடன் போடும் முன் நீங்கள் போட்டுவிடுங்கள். சேமித்த உலகத்தை வாரம் ஒருமுறை வேறு இடத்தில் நகல் எடுத்து வையுங்கள். சர்வரில் ஏற்றுவதற்கு முந்தைய நகல் ஒன்று எங்கள் லேப்டாப்பில் தப்பியிருந்தது. அதில் மேற்குப் பக்க மதிலும் பாதி அகழியும் இருக்கின்றன. வாசல் இல்லை.

அந்த வாசல்தான் இப்போது அவன் விளம்பரத்தில் இருக்கிறது. பெயரை மாற்றியிருக்கிறான், எண்ணை மாற்றியிருக்கிறான், படத்தை மாற்றவில்லை. அடையாளம் சொல்கிறேன். சாம்பல் நிறக் கல் வாசல், வலது பக்கம் மூன்று விளக்குகள், இடது பக்கம் இரண்டே விளக்குகள். மூன்றாவதற்கு இரும்பு போதாமல் போனதால் பையன் விட்டுவைத்த இடம் அது. கீழே அகழியில் ஒரு மரப்படகு நிற்கும். உங்கள் பிள்ளை இந்தப் படத்தோடு வந்து 300 ரூபாய் கேட்டால் கொடுக்காதீர்கள். அழைப்பு வந்த எண்ணையும் கியூஆர் படத்தையும் அழிக்காமல் ஸ்கிரீன்ஷாட் எடுத்து வைத்து, 1930-க்கு அழைத்துச் சொல்லி, சைபர்கிரைம் இணையதளப் புகாரோடு சேருங்கள்.