குலிஸ்தானா, பூஸ்தானா?

எதை முதலில் படிப்பது? ஈரானின் ஷிராஸ் நகரத்துப் பாரசீகக் கவிஞர் ஸஅதி இந்த இரண்டு நூல்களையும் அடுத்தடுத்த ஆண்டுகளில் முடித்தார்: 1257-இல் பூஸ்தான், 1258-இல் குலிஸ்தான்.

பூஸ்தான் முழுக்கச் செய்யுள், பத்து அதிகாரம். கடலைக் கண்டு ‘நான் எம்மாத்திரம்’ என்று கூசிய மழைத்துளியைச் சிப்பி ஏந்தி முத்தாக்கும் கதை இதில்தான். அழகுதான். ஆனால் மொழிபெயர்ப்பில் சந்தம் கரைந்துவிடுகிறதே!

குலிஸ்தான் உரைநடை, நடுநடுவே கவிதை, எட்டே அதிகாரம். முதல் கதையிலேயே மரண தண்டனைக் கைதி ஒருவன் அரசனைத் தன் மொழியில் திட்டித் தீர்க்கிறான். “கோபத்தை அடக்குவோரைப் புகழ்கிறான்” என்று ஓர் அமைச்சர் மாற்றிச் சொல்ல, அரசன் மன்னித்துவிடுகிறான். இன்னொருவர் உண்மையைப் போட்டு உடைக்கிறார். அரசனோ, உன் உண்மையைவிட அவர் பொய்யே மேல் என்கிறான். இந்தக் குறும்புக்காகவே முதலில் குலிஸ்தானை எடுங்கள். அப்புறம் பூஸ்தான்.