பிளேஸ்டேஷன் பிளஸ் டீலக்ஸ்: வாங்கும் முன் ஆடிப் பார்க்கலாம்

சோனியின் பிஎஸ்5 கன்சோலுக்கான பெரிய கேம் ஒன்று 4,999 ரூபாய்க்கு விற்கும்போது டிரெய்லரை மட்டும் நம்பிப் பணம் கட்ட மனசு வராது, அதனால்தான் பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தாவின் மேல் அடுக்கான டீலக்ஸில் இருக்கும் 'கேம் டிரையல்' எனக்குப் பிடித்திருக்கிறது. 2022-இல் அந்தச் சந்தா எசென்ஷியல், எக்ஸ்ட்ரா, டீலக்ஸ் என்று மூன்று அடுக்குகளாக மாறியபோது வந்த வசதி இது. டெமோ மாதிரி வெட்டி ஒட்டிய துண்டு இல்லை, முழு கேமே இறங்கும், நேரத்துக்குத்தான் கட்டுப்பாடு. பிடித்துப்போய் வாங்கினால் விட்ட இடத்திலிருந்தே தொடரலாம், டிராஃபிகளும் (ஆட்டத்தில் சாதித்ததற்குக் கிடைக்கும் விருதுகள்) போகாது.

ஹொரைசன் ஃபர்பிடன் வெஸ்டுக்கு ஐந்து மணி நேரம் கொடுத்தார்கள், சண்டை நமக்கு ஒத்துவருமா என்று தெரிந்துகொள்ள அது தாராளம். சைபர்பங்க் 2077-க்கும் அதே ஐந்துதான், ஆனால் அதில் ஊர் சுற்றிக்கொண்டே இருந்தால் கதை சூடு பிடிப்பதற்குள் கடிகாரம் தீர்ந்துவிடும், கட்ஸீன்களும் (நடுவே ஓடும் கதைக் காட்சிகள்) அந்தக் கணக்கில்தான். மெயின் மிஷனை மட்டும் பிடித்துப் போங்கள்.

குறை என்றால் பட்டியல்தான். எல்லா கேமுக்கும் டிரையல் கிடையாது, நாம் தேடுவது பெரும்பாலும் இருக்காது. அப்புறம், சில மணி நேர ஆட்டத்துக்காக முழு கேமையும் இறக்க வேண்டும், டேட்டா வரம்புள்ள இணைப்பு என்றால் யோசியுங்கள். டிரையலுக்காக மட்டும் டீலக்ஸ் எடுக்காதீர்கள், அதற்குக் கீழே உள்ள எக்ஸ்ட்ராவே போதும். டீலக்ஸில் கிடைக்கும் பழைய கிளாசிக் கேம்களும் ஆடுவீர்கள் என்றால் எடுக்கலாம்.