லேர்ன் டு ஃப்ளை: ராக்கெட் வாங்குவதற்கு முன் காற்றுத்தடையைக் கவனியுங்கள்

பென்குவினால் பறக்க முடியாது என்று இணையத்தில் எழுதியிருப்பதை ஒரு பென்குவின் படித்துவிடுகிறது. ரோஷம் வந்துவிடுகிறது. பனிச்சறுக்கு மேட்டிலிருந்து வழுக்கி இறங்கி, விளிம்பில் துள்ளி, கொஞ்ச தூரம் போய்க் கடலில் விழுகிறது. விழுந்ததற்குக் காசு கிடைக்கிறது. அந்தக் காசில் ஏதாவது வாங்கிக்கொண்டு மறுநாள் மறுபடியும் வழுக்குகிறது. லைட் பிரிங்கர் கேம்ஸ் 2009-இல் வெளியிட்ட 'லேர்ன் டு ஃப்ளை' என்ற கேம் முழுக்க இவ்வளவுதான்.

இதே வகையில் இதற்கு முன்பும் கேம்கள் இருந்தன. 2004-இல் ஆஸ்திரியாவிலிருந்து வந்த 'யெட்டி ஸ்போர்ட்ஸ்' விளையாட்டில் ஒரு பனிமனிதன் பென்குவினைத் தடியால் ஓங்கி அடிப்பான். அடிக்கும் நொடியைச் சரியாகப் பிடித்தால் போதும், மற்றது தானாக நடக்கும். அதில் கடை கிடையாது. லேர்ன் டு ஃப்ளையில் கடைதான் கேம். பறப்பதில் எவ்வளவு கைத்திறன் காட்டினாலும், தப்பான வரிசையில் காசைப் போட்டவர் பத்து நாள் பின்தங்கித்தான் போவார். ஒவ்வொரு பறத்தலும் ஒரு நாளாகக் கணக்காகிறது. எத்தனை நாளில் முடித்தோம் என்பதுதான் கடைசியில் நிற்கிற மதிப்பெண். அதனால் இதை ஒரு வரவுசெலவுக் கணக்காகப் பார்ப்பதே நல்லது.

கடையில் நான்கு மேம்பாடுகள் உண்டு: வழுக்கும்போது வேகமெடுக்கும் திறன், சறுக்குமேட்டின் உயரம், காற்றுத்தடை குறைப்பு, ராக்கெட் எரிபொருள். இவற்றைத் தவிர கிளைடர்களும் (காற்றில் மிதக்க உதவும் இறக்கைகள்) ராக்கெட்டுகளும் தனித்தனியாக விற்பனைக்கு இருக்கும். புதிதாக ஆடுகிறவர்கள் கண் நேராக ராக்கெட் பக்கம் போகும். வேகம் இல்லாத பறவை முதுகில் ராக்கெட்டைக் கட்டினால் அது எரியும் சில நொடிகளுக்கு மட்டும் கொஞ்சம் மேலே போகும், அணைந்ததும் கல் மாதிரி விழும். தூக்கிப் பிடிக்க இறக்கை இல்லாத இடத்தில் உயரத்துக்கு மதிப்பு குறைவு.

முதல் சில நாட்களுக்கு மேட்டின் உயரத்தையும் வழுக்கும் வேகத்தையும் மாறி மாறி ஏற்றுங்கள். காரணம் பள்ளிக்கூட இயற்பியல்தான். மேட்டின் உயரம் இரண்டு மடங்கானால் விளிம்பை விட்டுக் கிளம்பும் வேகம் சுமார் 1.4 மடங்குதான் கூடும். ஆனால் வீச்சுத்தூரம் வேகத்தின் வர்க்கத்தைப் பொறுத்தது என்பதால், காற்றே இல்லை என்று வைத்துக்கொண்டால், தூரம் அப்படியே இரண்டு மடங்காகும். ஆரம்பத்தில் வேகம் குறைவு, காற்றுத்தடையும் குறைவு; ஆகவே இந்தக் கணக்கு கிட்டத்தட்டச் சரியாகவே வரும், மலிவாகவும் முடியும்.

பிறகு அது வராமல் போகும். காற்றுத்தடையும் வேகத்தின் வர்க்கத்தோடு ஏறுவது. வேகம் இரட்டித்தால் தடை நான்கு மடங்கு. மேட்டை இன்னும் இரண்டு படி உயர்த்தியும் தூரம் முன்பு போல எகிறவில்லை என்றால், போட்ட வேகத்தைக் காற்று தின்கிறது என்று அர்த்தம். காற்றுத்தடை குறைப்பை வாங்க வேண்டிய நேரம் அதுதான். கடையில் பார்க்க மிகச் சப்பையான பொருள் இது. படம் மாறாது, சத்தம் மாறாது, வாங்கிய அன்றைக்குப் பெரிய வித்தியாசமும் தெரியாது. ஆனால் இதற்குப் பிறகு வாங்கும் ஒவ்வொரு பொருளின் பலனையும் கூட்டித் தருவது இது. மேட்டில் இரண்டு படி, காற்றுத்தடையில் ஒரு படி என்ற விகிதம் நடுப்பகுதி வரை தாங்கும்.

முதல் கிளைடரை, மேட்டில் சில படிகள் ஏறியவுடனே வாங்கிவிடலாம். தூரத்துக்கு மட்டும் அல்ல, எட்டிய உயரத்துக்கும் காற்றில் இருந்த நேரத்துக்கும் கேம் காசு தருகிறது. கிளைடர் நேரத்தையும் தூரத்தையும் ஒரே அடியில் நீட்டிவிடும். ராக்கெட் அதற்கு அடுத்தது. எரிபொருள் மேம்பாடு கட்டாயம் ராக்கெட்டுக்குப் பிறகுதான். ராக்கெட் இல்லாதவனிடம் எரிபொருளை விற்பது கடைக்காரன் சாமர்த்தியம், ஏமாறாதீர்கள்.

விலையேறிய பொருள்களில் எதை வாங்குவது என்பதற்கு ஒரே கேள்வி: போட்ட காசு எத்தனை பறத்தலில் திரும்பும்? ஒரு மேம்பாடு 400 என்றும், அதனால் ஒரு பறத்தலுக்கு 50 கூடுதலாக வரும் என்றும் வைத்துக்கொண்டால் எட்டு நாளில் அசல் வந்துவிடும். இன்னொன்று 1,500, கூடுதல் வரவு 250 என்றால் ஆறு நாள். விலை அதிகமானாலும் இரண்டாவதுதான் லாபம். ஆனால் அந்த 1,500-ஐச் சேர்க்கவே பத்து நாள் ஆகும் என்றால் 400-ஐ முதலில் வாங்கிவிடுவதே மேல். ஒரு படியில் எவ்வளவு தூரம் கூடும் என்று கடை சொல்லாது. வாங்குவதற்கு முந்தைய வரவையும் அடுத்த நாள் வரவையும் ஒரு தாளில் குறித்துக்கொண்டால் நாலைந்து நாளில் போக்கு பிடிபடும்.

கிளைடர்களிலும் ராக்கெட்டுகளிலும் வேறு விதமான பொறி இருக்கிறது. புதியதை வாங்கினால் பழையது மூலையில் கிடக்கும். மேட்டின் படிகள் ஒன்றன் மேல் ஒன்றாக ஏறும், இவை அப்படி ஏறாது. எல்லாத் தரத்தையும் வரிசையாக வாங்குகிறவர் பாதிக் காசைத் தண்ணீரில் போடுகிறார். முதல் தரத்தை வாங்குங்கள், அடுத்ததைத் தாண்டுங்கள், அதற்கு மேலுள்ளதற்குக் காசு சேர்த்துக்கொள்ளுங்கள். சேர்க்கும் நாட்களில் மீதிச் சில்லறையை மேடு, காற்றுத்தடை ஆகியவற்றின் மலிவான படிகளில் போடலாம்.

இனி பறக்கும் கலை. அம்புக்குறி விசைகளால் பென்குவினைச் சாய்க்கலாம், ஸ்பேஸ் பாரில் ராக்கெட். கிளைடர் இல்லாத நாட்களில் மூக்கைத் தூக்குவதால் பெரிய பயன் இல்லை. போகும் திசைக்கு நேராக உடலை வைத்திருந்தால் போதும். குறுக்கே நின்றால் காற்று பிடித்து இழுக்கும்.

கிளைடர் வந்தபின் எல்லாரும் செய்கிற தவறு, விளிம்பை விட்டதும் மூக்கை வானத்தை நோக்கித் திருப்புவது. உயரம் கூடும், வேகம் வடியும், வேகம் வடிந்ததும் இறக்கை தூக்காது, பறவை அப்படியே அந்தரத்தில் நின்று சரியும். அந்த நேரத்தில் பதறி இன்னும் மேலே இழுத்தால் நிலைமை மோசமாகும். மூக்கைக் கீழே விடுங்கள். விழும் உயரம் வேகமாக மாறும். வேகம் வந்தபின் மெல்ல மெல்ல, விசையைச் சின்னச் சின்னத் தட்டலாகத் தட்டி, கிடைமட்டத்துக்குச் சற்று மேலே கொண்டுவாருங்கள். ஒரே மூச்சில் சடாரென்று இழுத்தால் சேர்த்த வேகத்தில் பாதி தடையில் போய்விடும். மேலும் கீழுமாக அலைபாயாமல், ஏறக்குறைய நேராக, லேசாக இறங்கிக்கொண்டே போகும் பாதைதான் அதிக தூரம் தரும். அலைபாய்ந்து போவது பார்க்க அழகு, வரவில் நஷ்டம்.

காற்று இல்லாத கணக்கில் 45 டிகிரிதான் உச்ச வீச்சு. 30 டிகிரியில் அதில் 87 சதவீதம் வரும், 15 டிகிரியில் சரிபாதி. 60 டிகிரியும் 30 டிகிரியும் ஒரே தூரம்தான், ஆனால் 60-இல் உயரமும் நேரமும் கூடுதல். காற்று இருக்கும்போது தூரத்துக்கான நல்ல கோணம் 45-க்குக் கீழே இறங்கிவிடும். ஆகவே தூரம் வேண்டுமென்றால் 35 முதல் 40 டிகிரிக்குள் ஏறுங்கள், ஏறி முடித்ததும் மேலே சொன்ன நேர் பாதைக்கு வாருங்கள். உயர இலக்கோ நேர இலக்கோ பாக்கி இருந்தால் அன்றைக்கு மட்டும் செங்குத்தாக ஏறுங்கள். இலக்குகளுக்குத் தனிப் பரிசுப் பணம் உண்டு. எல்லாவற்றையும் ஒரே பறத்தலில் பிடிக்கப் பார்த்தால் எதுவும் கிடைக்காது. கைக்கு எட்டும் தூரத்தில் ஓர் இலக்கு இருந்தால் அதற்காக ஒரு நாளைச் செலவிடுவது பெரும்பாலும் கட்டுப்படியாகும்.

ராக்கெட்டை எப்போது எரிப்பது என்பதில்தான் ஆடுகிறவர்களுக்குள் சண்டை. வேகமாகப் போகும்போது எரித்தால் அதே எரிபொருள் அதிக ஆற்றலைத் தரும் என்பது உண்மை. வேகம் கூடக் கூடத் தடை கடுமையாக ஏறும் என்பதும் உண்மை. இரண்டில் எது வெல்லும் என்பது காற்றுத்தடை குறைப்பை எவ்வளவு வாங்கியிருக்கிறீர்கள் என்பதைப் பொறுத்தது. அதில் கஞ்சத்தனம் செய்தவர்கள், ஏறி முடித்து வேகம் தளரும் இடத்தில் எரிப்பதே நல்லது. தாராளமாக வாங்கியவர்கள் விளிம்பை விட்டு மூக்கை 40 டிகிரிக்கு நிறுத்திய மறுகணமே எரிக்கலாம். எந்த நிலையிலும் செய்யக்கூடாதது ஒன்று: மூக்கு கீழே பார்க்கும்போது ஸ்பேஸ் பாரைத் தொடுவது. கடலுக்குள் சீக்கிரம் போய்ச் சேர அதைவிடக் குறுக்குவழி கிடையாது.

குறைகளும் உண்டு. நடுப்பகுதியில் ஐந்தாறு நாட்கள் ஒரே மாதிரி போகும். பாதை மனப்பாடமாகிவிடும், காசு மட்டும் ஏறிக்கொண்டிருக்கும். வானத்தில் புதிதாக எதுவும் எதிர்ப்படாது. அப்புறம், எல்லாப் பொருளும் வாங்கிவிட்டால் கேமில் செய்ய ஒன்றும் இல்லை. ஒரு மாலைப்பொழுதில் முடிந்துவிடும் கேம் என்பதால் இது பெரிய குற்றமில்லை.

இன்று ஆடுவதில் ஒரு சிக்கல். இது ஃபிளாஷ் கேம்; பிரவுசரில் ஓட ஃபிளாஷ் பிளேயர் என்ற மென்பொருள் வேண்டும். அடோபி 2020 டிசம்பர் 31-உடன் ஃபிளாஷ் பிளேயரைக் கைவிட்டது. இப்போது பிரவுசரில் ரஃபிள் என்ற எமுலேட்டர் (ஃபிளாஷ் பிளேயரின் வேலையைச் செய்யும் மாற்று மென்பொருள்) வழியாகவோ, ஃபிளாஷ்பாயிண்ட் என்ற சேமிப்புத் தொகுப்பை இறக்கியோ ஆடலாம். ரஃபிளில் ஆடும்போது முதலில் கேம் திரையை ஒருமுறை கிளிக் செய்யுங்கள், இல்லாவிட்டால் அம்புக்குறியும் ஸ்பேஸ் பாரும் பக்கத்தை மேலும் கீழும் நகர்த்திக்கொண்டிருக்கும். சேவ் கோப்பு பிரவுசருக்குள்ளேயே இருக்கிறது. இன்காக்னிட்டோவில் ஆடினாலோ, பிரவுசர் தரவை அழித்தாலோ பென்குவின் மறுபடி முதல் நாளுக்குப் போய்விடும். வலது கிளிக் மெனுவில் சேவ் மேனேஜர் இருக்கிறது. அதிலிருந்து கோப்பை இறக்கி வைத்துக்கொள்ளலாம். சில மலிவான கீபோர்டுகளில் இரண்டு அம்புக்குறியோடு ஸ்பேஸ் பாரைச் சேர்த்து அழுத்தினால் மூன்றாவது விசை பதிவாகாது. ராக்கெட் எரியவில்லை என்றால் கேமைத் திட்டுவதற்கு முன் இதைச் சோதித்துப் பாருங்கள்.

2011-இல் வந்த இரண்டாம் பாகம் இன்னும் பெரியது, ஆனால் மேலே சொன்ன கணக்கில் பாதி அங்கே செல்லாது. கதைப் பகுதியில் தூரம் முக்கியமில்லை. பனிமனிதனில் தொடங்கிப் பனிப்பாறை, சுவர் வரை மோதி உடைக்க வேண்டும். அங்கே பேலோடு என்று எடையைக் கட்டிக்கொள்ளலாம். எடை கூடினால் எழும்புவது கஷ்டம், ஆனால் காற்று அவ்வளவு எளிதில் வேகத்தைக் குறைக்காது, மோதலும் பலமாக விழும். ஆகவே நேராக, தாழ்வாக, கனமாகப் போவதே வழி. ராக்கெட்டைக் கடைசி நொடிகளுக்கு மிச்சம் வையுங்கள். மூன்றாம் பாகம் ஸ்டீம் என்ற இணையக் கேம் கடையில் கிடைக்கிறது, எமுலேட்டர் வேண்டாம். அதில் குறி விண்வெளி, அதனால் கிளைடர் பழக்கத்தை மறந்துவிட்டுச் செங்குத்தாக ஏறப் பழக வேண்டும். கணக்குப் போட்டு ஆடப் பிடித்தவர்கள் முதல் பாகத்தில் தொடங்கலாம். உடைக்கப் பிடித்தவர்கள் நேராக இரண்டாவதுக்குப் போகலாம்.