போஸ்ட் ப்ராசஸர்: கையால் திருத்துவதா, காசு கொடுத்து வாங்குவதா, இலவசமாக எடுப்பதா?

மார்த்தாண்டத்தில் மரக்கதவு செதுக்கும் ரூட்டர் ஒன்று, நாகர்கோவில் கோணம் தொழிற்பேட்டையில் ஃபானுக் கண்ட்ரோலர் கொண்ட வி.எம்.சி. (செங்குத்து மெஷினிங் சென்டர்) ஒன்று: இரண்டுக்கும் ஜி கோடு, அதாவது இயந்திரத்தை நகர்த்தும் கட்டளை வரிகள், எடுத்துக் கொடுப்பது என் வேலை. கணினி மென்பொருளில் போட்ட டூல் பாதையை அந்தந்த இயந்திரத்துக்கு ஏற்ற ஜி கோடாக மாற்றும் கோப்புதான் போஸ்ட் ப்ராசஸர், சுருக்கமாகப் போஸ்ட். அதை அமைக்கும் மூன்று வழிகளிலும் நான் போய்ப் பார்த்திருக்கிறேன்.

கிடைத்த போஸ்ட்டில் கோடு எடுத்து, ஒவ்வொரு முறையும் நோட்பேடில் திருத்துவது முதல் வழி. இது வேண்டவே வேண்டாம். ஃபானுக்கின் வழக்கமான அமைப்பில் எக்ஸ்10 என்று புள்ளி இல்லாமல் அடித்தால் 10 மி.மீ. அல்ல, 10 மைக்ரான். அவசரத்தில் ஒரு புள்ளி விடுபட்டால் போதும், வேலைத்துண்டு வீண்.

விற்பனையாளரிடம் எழுதி வாங்குவது இரண்டாவது. மாஸ்டர்கேம் மென்பொருள் வைத்திருப்பவர்கள் பெரும்பாலும் இப்படித்தான் செய்கிறார்கள். போஸ்ட், இயந்திர வரையறை, கண்ட்ரோல் வரையறை மூன்றும் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும் என்பதால் தெரிந்தவர் கையில் விடுவது நியாயமே. ஆனால் சில போஸ்ட்டுகளின் ஒரு பகுதி பூட்டியே வரும். ஒரு வரி மாற்றவும் அவரையே அழைக்க வேண்டும்.

இலவச நூலகத்தில் எடுத்து நாமே திருத்துவது மூன்றாவது. மூன்று அச்சு வேலைக்கு என் ஓட்டு இதற்குத்தான். ஃப்யூஷன் மென்பொருளின் போஸ்ட் ஜாவாஸ்கிரிப்டில் எழுதப்பட்டது. வீகார்வ் மென்பொருளின் போஸ்ட் வெறும் எழுத்துக் கோப்பு. இரண்டையும் யாரும் திறந்து படிக்கலாம். மூலக் கோப்பைத் தொடாமல் நகலெடுத்து, இயந்திரத்தின் பெயரை இட்டு, உங்கள் சொந்த போஸ்ட் கோப்புறையில் வையுங்கள். ஃப்யூஷனின் தனிநபர் இலவச உரிமத்தில் வேக நகர்வுகள் (வெட்டாமல் இடம் மாறும் ரேபிட் நகர்வுகள்) வெட்டு வேகத்திலேயே வரும். அது உரிமத்தின் கட்டுப்பாடு. அதற்காகப் போஸ்ட்டைக் குடைந்து பயனில்லை.

கவனமாகப் பார்க்க வேண்டியது ஜி28, டூலை இயந்திரத்தின் பூஜ்ய இடத்துக்குத் திருப்பி அனுப்பும் கட்டளை. மார்த்தாண்டத்து ரூட்டர் ஜிஆர்பிஎல் என்ற இலவசக் கட்டுப்பாட்டு நிரல் ஏற்றிய போர்டில் ஓடுவது, அச்சின் எல்லையை உணரும் லிமிட் ஸ்விட்ச் கிடையாது. ஒரு மழைநாளில் தேக்குப் பலகைக்குள் 6 மி.மீ. ஆழத்தில் டூல் நின்றபோது மின்சாரம் போனது. திரும்ப வந்ததும், டூல் நின்ற அந்த இடத்தையே போர்டு பூஜ்யமாக எடுத்துக்கொண்டது. டூலை மேலே தூக்கிவிட்டு நிரலை முதலிலிருந்து ஓட்டினோம். முதல் நகர்வே 'ஜி28 ஜி91 இசட்0'. மேலே ஒதுங்க வேண்டிய டூல், அந்தப் பூஜ்யத்தைத் தேடி நேராக மரத்துக்குள் இறங்கி, அடுத்த வரியில் பலகையின் குறுக்கே உழுதுகொண்டு போனது. போஸ்ட்டைக் குற்றம் சொல்ல முடியாது. லிமிட் ஸ்விட்சைத் தொட்டுத் தன் பூஜ்யத்தைத் தானே கண்டுபிடிக்கும், அதாவது ஹோம் செய்யும், இயந்திரத்துக்கு அந்த வரி சரியானதே. ஃப்யூஷன் போஸ்ட்டின் பண்புகளில் பாதுகாப்பான பின்வாங்கலை ஜி28-லிருந்து கிளியரன்ஸ் உயரத்துக்கு (பலகைக்கு மேலே நாமே குறிக்கும் உயரம்) மாற்றியிருந்தால் அந்தப் பலகை பிழைத்திருக்கும்.

இப்போது எந்தப் போஸ்ட்டைத் திருத்தினாலும், இசட் பூஜ்யத்தை 50 மி.மீ. உயர்த்தி வைத்து முதல் ஓட்டத்தைக் காற்றில் வெட்டுகிறேன். ஒரு விரல் எமர்ஜென்சி பொத்தானில் இருக்கும்.

கோணத்து இயந்திரத்துக்கு நான்காவது அச்சு பொருத்தும்போது விற்பனையாளரிடம் பணம் கட்டத்தான் போகிறேன். சுழலும் அச்சின் கணக்கை நானே எழுதத் துணியமாட்டேன். விலை பேசுவதற்கு முன் ஒன்றை மட்டும் எழுத்தில் கேட்டு வாங்குவேன்: கோப்பை நான் திறந்து திருத்தலாமா?