மார்ஷ்மெல்லோவா, பீக்கனா? தேங்க்ஸ்கிவிங் மேசைக்கு ஏற்ற யாம் கேஸரோல் எது?

நவம்பர் பிறந்துவிட்டால் இங்கே அமெரிக்காவின் ராலேயில் மளிகைக் கடைகளின் வாசலிலேயே ஆரஞ்சு நிறக் கிழங்கு குவிந்து கிடக்கும். மேலே 'யாம்ஸ்' என்று ஒரு அட்டை. யாம் என்றால் சேனைக்கிழங்கு என்று பள்ளியில் படித்துவிட்டு வந்த நமக்கு அந்த அட்டை குழப்பத்தைத் தரும். சேனையைத் தேட வேண்டாம், அங்கே குவிந்திருப்பது சர்க்கரைவள்ளிதான். உண்மையான யாம் நம் பெருவள்ளி, சிறுவள்ளிக் குடும்பத்தைச் சேர்ந்தது. மேற்கு ஆப்பிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் தங்கள் ஊர்க் கிழங்கின் பெயரால் இதை அழைத்தார்கள். 1930களில் லூசியானாவில் ஈரப்பதம் நிறைந்த ஆரஞ்சுச் சதை ரகம் வந்தபோது, மாவு மாவாக இருக்கும் வெளிறிய ரகத்திலிருந்து பிரித்துக்காட்ட அந்தப் பெயரையே வைத்து விற்றார்கள். இன்றைக்கும் லேபிளில் யாம் என்று போட்டால் சர்க்கரைவள்ளி என்றும் சேர்த்துப் போட வேண்டும் என்கிறது அமெரிக்க வேளாண் துறை.

இந்தக் கிழங்கை மசித்து, வெண்ணெய் சேர்த்து, கண்ணாடித் தட்டில் பரப்பி ஓவனில் சுடுவதுதான் யாம் கேஸரோல். நவம்பர் நான்காம் வியாழக்கிழமை, தேங்க்ஸ்கிவிங் என்னும் நன்றி சொல்லும் பண்டிகையன்று, பெரும்பாலான அமெரிக்க வீடுகளில் வான்கோழிக்குப் பக்கத்தில் இது இருக்கும். செய்முறைகளுக்குக் கணக்கே இல்லை. பல ஆண்டுகளாகப் பலவிதமாகச் செய்து பார்த்ததில் எனக்கென்று ஒரு முடிவு இருக்கிறது. அதற்கு ஒரே ஒரு அளவுகோலைத்தான் வைத்துக்கொள்கிறேன்: இது உப்பும் மிளகும் தடவிய வான்கோழி, கிரேவி, புளிப்பான கிரான்பெரி ஆகியவற்றோடு ஒரே தட்டில் உட்காரப்போகிற துணை உணவு. இனிப்பு அடுத்து, 'பை' (pie) என்னும் சுட்ட பலகாரமாகத் தனியாக வருகிறது. வான்கோழியோடு ஒரு வாய் சேர்த்துச் சாப்பிட முடியாத கேஸரோல், எவ்வளவு ருசியாக இருந்தாலும் அந்த மேசைக்கு உரியதல்ல.

டப்பாவா, பச்சைக் கிழங்கா

சர்க்கரைப்பாகில் ஊறிய 40 அவுன்ஸ் டப்பா இரண்டு வாங்கினால், 9க்கு 13 அங்குலத் தட்டு ஒன்றுக்குப் போதும். தோல் சீவ வேண்டாம், வேகவைக்க வேண்டாம், வடித்து மசித்தால் சரி. பதினைந்தே நிமிடத்தில் தட்டு ஓவனுக்குப் போய்விடும். இருபது பேருக்குச் சமைக்கிறவர் இதை எடுத்தால் குறை சொல்ல மாட்டேன்.

ஆனால் ருசியில் இரண்டும் வெகு தூரம். டப்பாக் கிழங்கில் பாகின் இனிப்பு மட்டும்தான் தெரிகிறது, கிழங்கின் மணம் இல்லை. பதமும் குழகுழவென்று ஒரே மாதிரி இருக்கும். அதன் மேல் செய்முறையில் சொன்ன பழுப்புச் சர்க்கரையையும் கொட்டினால் ஒரு கரண்டிக்கு மேல் இறங்காது. டப்பாதான் என்று முடிவு செய்துவிட்டால், நன்றாக வடித்து, மசியலில் சர்க்கரையே சேர்க்காமல், உப்பும் கொஞ்சம் ஆரஞ்சுச் சாறும் விட்டுச் செய்யுங்கள். எவ்வளவோ பரவாயில்லை.

நான் இருப்பது வட கரோலைனா. அமெரிக்காவிலேயே அதிகமாகச் சர்க்கரைவள்ளி விளையும் மாநிலம் இது. இங்குள்ள மாநிலப் பல்கலைக்கழகம் உருவாக்கிய கோவிங்டன் என்ற ரகம்தான் சுற்றுவட்டாரக் கடைகளில் அதிகம். லூசியானாவின் போரகார்டும் நல்ல ரகம். இரண்டுமே மசித்தால் வழுவழுப்பாக வரும். நம் ஊரில் பொங்கலுக்கு வாங்குகிற, சிவப்புத் தோலும் வெள்ளைச் சதையும் கொண்ட கிழங்கு அவித்துத் தின்ன அருமை. இந்தத் தட்டுக்கு மட்டும் அது பொருந்தாது. மாவு அதிகம் என்பதால் பாலை உறிஞ்சிக்கொண்டே போகும், நிறமும் எடுக்காது.

கடையில் பெரிய கிழங்கைத் தேடாதீர்கள். கைக்குள் அடங்குகிற, நடுத்தரமான, இரு முனையும் கூர்த்த கிழங்கில் நார் குறைவாக இருக்கும். மூன்று பவுண்டு, அதாவது ஏறத்தாழ 1.35 கிலோ வாங்கினால் எட்டுப் பத்துப் பேருக்குப் போதும்.

அவிப்பதா, சுடுவதா

இந்த ஒரு படியில்தான் பலரும் ருசியைக் கோட்டை விடுகிறார்கள். தோல் சீவித் துண்டாக்கித் தண்ணீரில் போட்டால் இருபது நிமிடத்தில் வெந்துவிடும், உண்மைதான். கூடவே கிழங்கு தண்ணீரைக் குடித்துவிடும், சாரமும் தண்ணீரோடு போய்விடும். மசியல் நீர்த்துப்போய், தட்டின் ஓரத்தில் தண்ணீர் விட்டு நிற்பதற்கு இதுதான் காரணம்.

முழுக் கிழங்கைத் தோலோடு ஓவனில் சுட்டால் ஒரு மணி நேரத்துக்கு மேல் ஆகும். அந்த நேரம் வீண் போவதில்லை. கிழங்குக்குள் இருக்கும் ஒரு நொதி மாவுச்சத்தை மால்டோஸ் என்னும் சர்க்கரையாக மாற்றுகிறது. உட்புறச் சூடு சுமார் 60 முதல் 75 டிகிரி செல்சியஸ் வரை இருக்கும்போதுதான் இது நன்றாக நடக்கும். சூடு அதைத் தாண்டினால் நொதி செயலிழந்துவிடும். ஆகவே அந்தக் கட்டத்தைக் கிழங்கு எவ்வளவு மெதுவாகக் கடக்கிறதோ அவ்வளவு இனிப்பு. மைக்ரோவேவில் வெந்த கிழங்கு சப்பென்று இருப்பதற்கும் இதுவே காரணம். நான் ஓவனை முன்கூட்டிச் சூடாக்குவதில்லை. நாலைந்து இடங்களில் முள்கரண்டியால் குத்திய கிழங்கைக் குளிர்ந்த ஓவனில் வைத்து, பிறகு 400 டிகிரி ஃபாரன்ஹீட்டுக்குத் திருப்புவேன். தோலில் பாகு கசிந்து கருகத் தொடங்கும்போது எடுத்தால் தோல் தானாகக் கழன்று வரும். கை மிக்ஸரால் அடித்தால் மிச்சம் இருக்கும் நாரெல்லாம் கம்பியில் சுற்றிக்கொள்ளும்.

அம்மா திருநெல்வேலியிலிருந்து வந்திருந்த ஆண்டு, நான் மசியலில் ஒரு கப் பழுப்புச் சர்க்கரையை அளந்துகொண்டிருந்தேன். சுட்ட கிழங்கில் ஒரு விள்ளல் வாயில் போட்டுப் பார்த்துவிட்டு, "சீனிக்கிழங்குக்கு எதுக்குல இம்புட்டுச் சீனி?" என்றார். அன்றைக்குக் கால் கப்பாகக் குறைத்தேன். இன்று வரை அதே அளவுதான். சுட்ட கிழங்குக்கு அதற்கு மேல் தேவைப்படுவதே இல்லை.

மூன்று பவுண்டுக் கிழங்குக்குக் கால் கப் பழுப்புச் சர்க்கரை, அரைக் குச்சி (கால் கப்) வெண்ணெய், அரை கப் பால், இரண்டு முட்டை, ஒரு தேக்கரண்டி வெனிலா, முக்கால் தேக்கரண்டி உப்பு, அரைத் தேக்கரண்டி பட்டைப்பொடி. முட்டை சேர்த்தால் மசியல் லேசாக உப்பி, கரண்டியில் நின்று வரும். முட்டை சாப்பிடாதவர்கள் அதை விட்டுவிட்டுப் பாலைப் பாதியாகக் குறைத்தால் போதும். கொஞ்சம் தளர்வாக இருக்கும், ருசி மாறாது.

மேலே எது

உண்மையான போட்டி இங்கேதான். அமெரிக்கக் குடும்பங்களில் இதற்கு இரண்டு கட்சிகள் உண்டு: மார்ஷ்மெல்லோ என்னும் மெத்தென்ற சர்க்கரை மிட்டாயை மேலே பரப்புகிறவர்கள், பீக்கன் கொட்டையைத் தூவுகிறவர்கள்.

மார்ஷ்மெல்லோ கட்சிக்கு நூறு ஆண்டுக்கும் மேற்பட்ட வரலாறு இருக்கிறது. 1917இல் ஏஞ்சலஸ் மார்ஷ்மெல்லோ நிறுவனத்தார் தங்கள் சரக்கைச் சமையலறைக்குள் கொண்டுபோக, பாஸ்டன் சமையல் பள்ளியின் பத்திரிகையைத் தொடங்கிய ஜேனட் மெக்கன்சி ஹில் அம்மையாரைக் கொண்டு ஒரு செய்முறைக் கையேடு தயாரித்தார்கள். மசித்த சர்க்கரைவள்ளி மேல் மார்ஷ்மெல்லோ வைத்துச் சுடுவது அதில்தான் வந்தது. விளம்பரமாகத் தொடங்கிய ஒன்று சில தலைமுறைகளில் பண்டிகையாகவே ஆகிவிட்டது. பக்கத்து வீட்டில் எண்பது வயதைத் தாண்டிய ஒரு பாட்டி இருக்கிறார். பொன்னிறமாக உப்பிய அந்த மேல்பரப்பைப் பார்த்தால்தான் அவருக்குத் தேங்க்ஸ்கிவிங் வந்த மாதிரி. தன் அம்மா தட்டை ஓவனிலிருந்து எடுத்ததும் பிள்ளைகள் சுற்றி நின்றதை ஒவ்வோர் ஆண்டும் சொல்வார். அந்த நினைவோடு எந்தச் செய்முறையும் போட்டியிட முடியாது.

செய்வதும் சுலபம். கேஸரோல் வெந்த பிறகு குட்டி மார்ஷ்மெல்லோவைப் பரப்பி, கடைசி எட்டுப் பத்து நிமிடம் மட்டும் ஓவனில் வைத்தால் போதும். ஆனால் சூடு ஆறும் வரைக்கும்தான் அதன் அழகெல்லாம். அரை மணி நேரத்தில் அமுங்கி, பசை மாதிரி இழுபடும். வேறொரு வீட்டுக்கு எடுத்துப்போவதென்றால் மூடும் தாளில் பாதி ஒட்டிக்கொண்டு வரும். முக்கியமான இன்னொன்று: சாதாரண மார்ஷ்மெல்லோவில் ஜெலட்டின் இருக்கிறது, அது பன்றி அல்லது மாட்டின் தோலிலும் எலும்பிலும் எடுப்பது. சைவ விருந்தினர் வருவதாக இருந்தால் கட்டாயம் சொல்லிவிடுங்கள். டான்டீஸ் என்ற பெயரில் ஜெலட்டின் இல்லாதது கிடைக்கிறது. நிறம் எடுக்கும், உருகிப் பரவுவது மட்டும் குறைவு.

பீக்கன் கட்சி தென் மாநிலங்களில் வலுவானது. அங்கே அது சொந்த மண்ணின் கொட்டை, டெக்சாஸின் மாநில மரமே பீக்கன்தான். நியூ ஆர்லியன்ஸில் 1965இல் தொடங்கிய ரூத்ஸ் கிறிஸ் ஸ்டேக் ஹவுஸில் இறைச்சிக்குத் துணையாகப் பரிமாறுவது இந்த வகையைத்தான். அரை கப் பழுப்புச் சர்க்கரை, மூன்றில் ஒரு கப் மைதா, அரைக் குச்சி வெண்ணெய், ஒரு கப் நறுக்கிய பீக்கன், ஒரு சிட்டிகை உப்பு எல்லாவற்றையும் விரலால் பிசிறி, உதிரியாகத் தூவி, 350 டிகிரி ஃபாரன்ஹீட்டில் முப்பது முதல் முப்பத்தைந்து நிமிடம் சுட வேண்டும். அடியில் வெண்ணெய் மாதிரிக் கிழங்கு, மேலே மொறுமொறுப்பு, கொட்டையின் லேசான துவர்ப்பு. அந்தத் துவர்ப்புதான் இனிப்பைப் பிடித்து நிறுத்துகிறது. வான்கோழித் துண்டோடும் கிரேவியோடும் சேர்த்துச் சாப்பிட்டால் ஒன்றை ஒன்று எடுத்துக் கொடுக்கும். மார்ஷ்மெல்லோவால் இது முடியாது. என் ஓட்டு தயக்கமே இல்லாமல் பீக்கனுக்குத்தான்.

விலை கூடுதல், அது ஒரு குறை. கொட்டை ஒவ்வாமை உள்ளவர்கள் வரும் விருந்துக்கும் கூடாது. அப்போது பீக்கனுக்குப் பதில் ஓட்ஸும் பூசணி விதையும் போட்டுக்கொள்ளலாம்.

மூன்றாவதாகக் கேண்டீட் யாம்ஸ் ஒன்று உண்டு. மசிக்காமல், கிழங்கை வட்டமாக அரிந்து வெண்ணெய், பழுப்புச் சர்க்கரை, பட்டை, ஜாதிக்காய் சேர்த்த பாகில் வேகவிடுவது. கறுப்பின அமெரிக்கக் குடும்பங்களின் ஞாயிற்றுக்கிழமை விருந்தில் பெரும் இடம் பிடித்த உணவு இது. ருசியில் பீக்கனுக்கு இளைத்ததல்ல. ஆனால் கேஸரோல் போல் முந்தின நாளே செய்து வைக்கத் தோதில்லை, பாகு கெட்டிப்படும் நேரத்தில் பக்கத்திலேயே நிற்க வேண்டும்.

பண்டிகை நாளில் ஓவன் ஒன்றுதான், வான்கோழி அதைப் பல மணி நேரம் பிடித்துக்கொள்ளும். அதனால் செவ்வாயன்றே கிழங்கைச் சுட்டு மசித்துத் தட்டில் பரப்பி ஃபிரிட்ஜில் வைத்துவிடுவேன். பீக்கன் கலவையைத் தனி டப்பாவில் வைக்க வேண்டும், முன்பே தூவினால் ஈரம் ஏறி நமத்துப்போகும். வியாழக்கிழமை வான்கோழி வேகும் கடைசி ஒரு மணி நேரத்தில் தட்டை வெளியே எடுத்து வைத்து, வான்கோழி வெந்து வெளியே வந்ததும் பீக்கனைத் தூவி உள்ளே தள்ளலாம். இறைச்சி ஆறி, நறுக்கி முடிக்கிற முப்பது நாற்பது நிமிடம் இதற்குச் சரியாக இருக்கும்.

பாட்டி வருகிற ஆண்டுகளில் பெரிய தட்டை விட்டுவிட்டு 8க்கு 8 அங்குலத் தட்டு இரண்டு எடுத்துக்கொள்கிறேன். மசியல் இரண்டுக்கும் ஒன்றுதான். ஒன்றில் பீக்கன் முதலிலேயே, மற்றதில் மார்ஷ்மெல்லோ எல்லோரும் மேசைக்கு வந்து உட்கார்ந்த பிறகு. அதை ஓவனிலிருந்து நேராக அவர் முன்னால்தான் வைப்பேன்.