டெமாக்ரசி 4: அடுத்த தேர்தலையும் ஜெயிப்பது எப்படி?

ஒரு நாட்டின் ஆட்சியை நடத்தும் கம்ப்யூட்டர் கேமான டெமாக்ரசி 4 தொடங்கும்போதே நீங்கள் தேர்தலில் ஜெயித்துவிட்டீர்கள். பிரச்சாரம் முடிந்து நாற்காலியில் உட்கார்ந்த பிறகுதான் கேம் ஆரம்பிக்கிறது. அந்த நாற்காலியை அடுத்த தேர்தலிலும் காப்பாற்ற வேண்டும், அவ்வளவுதான் ஆட்டம். இங்கிலாந்தில் கிளிஃப் ஹாரிஸ் நடத்தும் பாசிடெக் கேம்ஸ் என்ற சிறு நிறுவனம் இதை 2020-இல் சோதனை வடிவில் விட்டு, 2022 ஜனவரியில் முழுமையாக வெளியிட்டது. படை நகர்த்துவது, கட்டடம் எழுப்புவது எதுவும் இதில் இல்லை. திரை முழுக்க வட்ட வட்ட ஐகான்கள், அவற்றுக்கு நடுவே ஓடும் பச்சை, சிவப்பு அம்புகள், நடுவில் வாக்காளர் பிரிவுகள். கிராபிக்ஸ் கார்டு இல்லாத லேப்டாப்பிலும் ஓடிவிடும் என்பதால் காட்பாடி ஹாஸ்டல் அறைகளுக்கு ஏற்ற கேம். ஸ்டீம், ஜிஓஜி என்ற இணையக் கேம் கடைகளில் கிடைக்கிறது. தமிழில் இல்லை. ஆங்கிலத்தில் நிறைய வாசிக்க வேண்டியிருக்கும்.

புதிதாக ஆடுகிறவர்கள் முதல் தேர்தலிலேயே தோற்பதற்குப் பெரும்பாலும் காரணம் ஒன்றுதான்: எல்லாரையும் திருப்திப்படுத்தப் பார்ப்பார்கள். ஓய்வூதியத்தை ஏற்றுவார்கள், பள்ளிக்குப் பணம், சாலைக்குப் பணம், வரியில் சலுகை. இரண்டு வருடத்தில் கடன் ஏறி, கடன் தர மதிப்பீடு இறங்கி, வட்டியே பெரிய செலவாகிவிடும். அதற்குப் பிறகு ஓய்வூதியத்தை வெட்டினால், அதைக் கொடுத்தபோது கிடைத்த நல்ல பெயரைவிடப் பெரிய கெட்ட பெயர் வந்து சேரும்.

ஆட்டம் டர்ன் டர்னாக, அதாவது சுற்றுச் சுற்றாக நகரும். ஒரு டர்ன் என்பது மூன்று மாதம். பதவிக்காலம் ஐந்தாண்டு என்றால் 20 டர்ன், நான்காண்டு என்றால் 16. இந்த எண்ணிக்கை உங்கள் பணத்தைவிட முக்கியம். இங்கே எதுவும் உடனே பலன் தராது. ஒரு கொள்கையை அறிவித்தால் அது அமலுக்கு வரச் சில டர்ன் ஆகும். அமலுக்கு வந்த பின்னும் அதன் விளைவு கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஏறும். கல்விச் செலவு நாட்டின் உற்பத்தித்திறனில் தெரிவதற்குள் பதவிக்காலத்தில் பாதி கரைந்துவிடும். ஆகவே பள்ளி, ஆராய்ச்சி, தொழில்நுட்ப மானியம் போன்றவற்றைத் தொடுவதென்றால் முதல் வருடத்திலேயே தொட வேண்டும். வரி ஏற்றுவதும் அப்போதே. கசப்பான முடிவுகளை முதல் நான்கு டர்னில் முடித்துவிட்டால், ஓட்டுப்போடும் நாளுக்குள் கோபம் ஆறுவதற்கு இடம் இருக்கும். கடைசி நான்கு டர்னில் புதிய வரி வேண்டவே வேண்டாம்.

செலவழிக்கப் பணம் மட்டும் இருந்தால் போதாது, அரசியல் மூலதனமும் வேண்டும். முடிவுகளை எடுக்க டர்ன்தோறும் கிடைக்கும் செல்வாக்குப் புள்ளிகள்தான் இது. ஒவ்வொரு கொள்கைக்கும் இந்த மூலதனத்தில் நான்கு விலை உண்டு: புதிதாகக் கொண்டுவர, ரத்து செய்ய, ஏற்ற, குறைக்க. நான்கும் வெவ்வேறு எண்கள். எளிதாகக் கொண்டுவந்துவிட்டு, ரத்து செய்ய முடியாமல் மாட்டிக்கொள்ளும் திட்டங்கள் பல. கொள்கையைத் திறந்ததும் முதலில் பார்க்க வேண்டியது ரத்து செய்யும் விலையை. கொள்கையின் அளவைக் கூட்டிக் குறைக்கும் ஸ்லைடரை இழுக்கும்போதே செலவும் வரவும் எவ்வளவு மாறும் என்று திரை காட்டிவிடும். உறுதி செய்யும் பொத்தானை அழுத்துவதற்கு முன் அங்கே அரை நிமிடம் நின்று பார்ப்பது நல்லது.

மூலதனம் எங்கிருந்து வருகிறது? அமைச்சர்களிடமிருந்து. இந்த இடத்தைத்தான் பலரும் கண்டுகொள்ளாமல் விடுகிறார்கள். வரி, பொருளாதாரம், நலத்திட்டம், வெளியுறவு, போக்குவரத்து, சட்டம் ஒழுங்கு, பொதுச்சேவை என்று ஏழு துறை, ஏழு அமைச்சர்கள். ஒவ்வொருவருக்கும் விசுவாசம், அனுபவம், செயல்திறன் என்று அளவுகள் இருக்கின்றன. விசுவாசம் உயர உயர டர்ன்தோறும் கிடைக்கும் மூலதனம் கூடும். அந்த விசுவாசம் உங்கள் முகத்தைப் பார்த்து வருவதில்லை. ஒவ்வொரு அமைச்சருக்கும் பிடித்த வாக்காளர் பிரிவுகள் உண்டு, அந்தப் பிரிவுகள் வருந்தினால் அமைச்சரும் வருந்துவார். தொழிற்சங்கத்தினர் மேல் பரிவுள்ளவரை அமைச்சரவையில் வைத்துக்கொண்டு தொழிலாளர் சட்டத்தைத் தளர்த்தினால், சில டர்னில் அவரிடமிருந்து வரும் மூலதனம் குறையும், பிறகு ராஜினாமாக் கடிதம் வரும்.

எனவே முதல் டர்னில் எந்த ஸ்லைடரையும் தொடாமல் அமைச்சரவைத் திரையைத் திறங்கள். ஏழு பேருக்கும் பிடித்த பிரிவுகளை ஒரு தாளில் எழுதிக்கொள்ளுங்கள். நீங்கள் போகப்போகும் பாதைக்கு நேர் எதிரான ஆட்கள் இரண்டு மூன்று பேர் இருந்தால் அப்போதே மாற்றிவிடுவது உத்தமம். புதியவருக்கு அனுபவம் குறைவாக இருக்கும், போகப்போக ஏறிக்கொள்ளும். பதவிக்காலத்தின் நடுவில் மாற்றினால் அனுபவம் ஏறுவதற்குள் தேர்தல் வந்துவிடும். இன்னொரு விஷயம்: ஏழு பேரும் ஒரே பிரிவின் ஆதரவாளர்களாக இருந்தால் அந்தப் பிரிவு ஒருமுறை கோபித்தாலே மொத்த மூலதனமும் வற்றிப்போகும். இரண்டு மூன்று பிரிவுகளில் பரவியிருக்கட்டும்.

அடுத்தது வாக்காளர் கணக்கு. முதலாளித்துவர், சோசலிஸ்ட், மதப்பற்றாளர், பெற்றோர், ஓய்வுபெற்றோர், வாகன ஓட்டிகள், விவசாயிகள், அரசு ஊழியர் என்று பிரிவுகள் பிரிந்து கிடந்தாலும் ஒரு வாக்காளர் ஒரே நேரத்தில் நான்கைந்து பிரிவில் இருப்பார். வேலூர்ப் பக்கம் அரசுப் பள்ளி ஆசிரியர் ஒருவரை எடுத்துக்கொண்டால் அவர் அரசு ஊழியர், பெற்றோர், பைக் ஓட்டுபவர், நடுத்தர வருமானக்காரர் எல்லாமே. கேமும் அப்படித்தான் கணக்குப் போடுகிறது. பெட்ரோல் வரியை ஏற்றி அவரை வாகன ஓட்டியாகக் கோபப்படுத்தினாலும், பள்ளிச் செலவை ஏற்றிப் பெற்றோராகச் சமாதானப்படுத்தலாம். பிரிவின் மேல் சொடுக்கினால் மக்கள்தொகையில் அது எத்தனை சதவீதம் என்று வரும். பெரிய பிரிவு, அதிலும் இப்போது நடுவில் ஊசலாடும் பிரிவு, அதற்குத்தான் செலவு செய்ய வேண்டும். ஏற்கெனவே உச்சியில் இருக்கும் பிரிவுக்கு மேலும் கொட்டுவது வீண், ஒருவர் ஒரு ஓட்டுதான் போடுவார். 2019 ஆகஸ்ட் 5-ஆம் தேதி நடந்த வேலூர் மக்களவைத் தேர்தலில் வெற்றி வித்தியாசம் 8,141 ஓட்டு என்பதை நினைவில் வைத்திருப்பவர்களுக்கு, ஒரு சிறு பிரிவு எப்படி முடிவைத் திருப்பும் என்று விளக்க வேண்டியதில்லை.

ஐகான்களைப் படிக்கும் முறை முக்கியம். ஒரு ஐகானின் மேல் மவுஸை வைத்தால் அதோடு தொடர்புள்ள அம்புகள் மட்டும் தெரியும். அம்பு வேகமாக ஓடினால் விளைவு வலுவானது, மெதுவாக ஓடினால் சொற்பம். ஐகானைத் திறந்தால் ஒரு பக்கம் காரணங்கள், மறு பக்கம் விளைவுகள், பட்டைகளாக நிற்கும். குற்றம் ஏறுகிறதென்று உடனே காவல்துறைக்குப் பணம் போடுவது பலர் செய்யும் தவறு. குற்றத்தின் ஐகானைத் திறந்து எந்தப் பட்டை நீளமானது என்று பாருங்கள். வேலையின்மையோ வறுமையோதான் முதல் காரணமாக இருந்தால் காவலுக்குப் போடும் பணம் பாதி வீண். இளைஞர் மன்ற மானியம் அதைவிடக் குறைந்த செலவில் வேலையைச் செய்யும்.

சிவப்பு ஐகான்களாக வரும் நெருக்கடிகளுக்கு ஒரு தனிக் குணம் உண்டு. ஒவ்வொன்றுக்கும் தொடங்கும் அளவு ஒன்று, முடியும் அளவு இன்னொன்று. முடியும் அளவு எப்போதும் கீழே இருக்கும். தெருக் கும்பல்களோ போக்குவரத்து நெரிசலோ ஒரு கோட்டைத் தாண்டியதும் வெடிக்கும். அதே கோட்டுக்குக் கீழே கொண்டுவந்துவிட்டோமே, ஏன் போகவில்லை என்று பலர் குழம்புவது இதனால்தான். இன்னும் நன்றாகக் கீழே இறக்கினால்தான் ஐகான் மறையும். ஆகவே வந்தபின் துரத்துவதைவிட, கோட்டை நெருங்கும்போதே பிடிப்பது மலிவு. ஏற்கெனவே நான்கைந்து நெருக்கடிகள் இருந்தால் எல்லாவற்றிலும் கை வைக்காதீர்கள். எது ஜிடிபியையோ (நாட்டின் மொத்த உற்பத்தி மதிப்பு) உற்பத்தித்திறனையோ கீழே இழுக்கிறதோ அதை முதலில் முடியுங்கள். வருமானம் ஏறினால் மற்றவற்றுக்குப் பணம் தானாக வரும்.

வரியில் நிதானம் வேண்டும். வருமான வரியை உச்சிக்குத் தள்ளினால் படித்தவர்கள் நாட்டை விட்டுப் போகும் நெருக்கடி வரும், நிறுவன வரியை அப்படித் தள்ளினால் நிறுவனங்கள் போகும். ஒரே வரியை உயர்த்துவதைவிட நான்கைந்து வரியை நடுவளவில் வைப்பது பாதுகாப்பு. புகையிலை வரியும் மது வரியும் தொடக்கத்தில் நல்ல கருவிகள், வருமானமும் வரும், உடல்நலமும் ஏறும். ஆனால் மது அருந்துவது குறையக் குறைய அந்த வரி வருமானமும் குறையும். 2003 முதல் டாஸ்மாக் சில்லறை விற்பனையைப் பார்த்து வரும் நமக்கு இந்த முடிச்சு பழக்கமானதே. கேமில் இதை அவிழ்க்க ஒரே வழி, மது வருமானத்தை நிரந்தரச் செலவுக்கு நம்பாமல் கடனை அடைக்க மட்டும் பயன்படுத்துவது. பேருந்து மானியமும் முதல் வருடத்துக்கு ஏற்றது. ஏழைகளுக்கும் தினமும் வேலைக்குப் போய்வருகிறவர்களுக்கும் பிடிக்கும், கார் ஓட்டம் குறையும், காற்றும் சுத்தமாகும். ஒரு செலவில் நான்கு அம்பு.

சுற்றுச்சூழல் பகுதியை ராணிப்பேட்டை, ஆம்பூர், வாணியம்பாடி வாசகர்கள் மற்றவர்களைவிட நன்றாகப் புரிந்துகொள்வார்கள். மாசுக் கட்டுப்பாட்டை ஏற்றினால் சுற்றுச்சூழல் உயரும், தொழிலுக்குச் சுமை கூடும். இறக்கினால் நேர்மாறு. பாலாற்றங்கரைத் தோல் தொழிற்சாலைகளின் கழிவுநீர் வழக்கில், மாசுபடுத்தியவரே செலவை ஏற்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் 1996-இல் தீர்ப்பளித்ததே, அந்தத் தத்துவத்தின் வடிவம் இங்கே கார்பன் வரி. இதைப் பாதி உயரத்தில் வைத்து, வந்த பணத்தைத் தொழில்நுட்ப மானியத்துக்குத் திருப்பினால் தொழில் படுக்காமல் காற்று சுத்தமாகும். இரண்டையும் ஒரே டர்னில் செய்ய மூலதனம் போதாது. மானியம் முதலில், வரி பிறகு. வரிசை மாறினால் நடுவில் ஜிடிபி சரிந்து தேர்தலில் அடி விழும்.

கருத்துக்கணிப்பில் முன்னணியில் இருக்கும்போதே ஆட்டம் முடிந்துபோவதும் உண்டு. ஏதாவது ஒரு பிரிவு எல்லை மீறிக் கோபப்பட்டால் அதிலிருந்து தீவிரவாதக் குழு உருவாகி உங்களைக் கொலை செய்துவிடும். பிரிவு சிறியது என்று அலட்சியமாக இருந்தால் இதில்தான் மாட்டுவீர்கள். பாதுகாப்புத் திரையை வருடத்துக்கு ஒருமுறையாவது திறந்து பாருங்கள். உளவுத்துறைக்கு நிதி கூட்டினால் ஆபத்து குறையும், ஆனால் தனிமனிதச் சுதந்திரத்தை விரும்பும் லிபரல்கள் பிரிவு முகம் சுளிக்கும். கோபமான பிரிவுக்கு மலிவான சலுகை ஒன்றைக் கொடுத்து வெப்பத்தைத் தணிப்பதே சிறந்தது.

இன்னும் ஆழமாகப் போக விரும்புகிறவர்களுக்கு இந்த கேமின் மிகப் பெரிய வரம் ஒன்று இருக்கிறது. கணக்குகள் பூட்டி வைக்கப்படவில்லை. டேட்டா கோப்புறைக்குள் சிமுலேஷன் என்ற உட்கோப்புறையில் கொள்கைகள், நெருக்கடிகள் எல்லாம் சிஎஸ்வி என்ற எளிய அட்டவணைக் கோப்புகளாக இருக்கின்றன, எக்செலில் திறந்து படிக்கலாம். ஒவ்வொரு கொள்கையின் வரியிலும் அது எதைப் பாதிக்கிறது என்ற சூத்திரம் இருக்கும். அதில் எக்ஸ் என்பது ஸ்லைடரின் நிலை, 0 முதல் 1 வரை. சூத்திரத்துக்குப் பின்னால் ஒரு எண் இருந்தால் அந்த விளைவு அத்தனை டர்னில் பரவி வரும் என்று பொருள். அந்த எண் 4 என்றால் ஒரு வருடம், 8 என்றால் இரண்டு வருடம். தேர்தலுக்கு எட்டு மாதம் இருக்கும்போது எதைத் தொடலாம், எதைத் தொடக்கூடாது என்பதற்கு இதைவிடத் துல்லியமான வழிகாட்டி கிடையாது. திறக்கும் முன் கோப்பை நகலெடுத்து வைத்துக்கொள்ளுங்கள். மூலக்கோப்பில் ஒரு கமா இடம் மாறினாலும் கேம் குழம்பிவிடும்.

குறைகளும் உண்டு. முதல் பதவிக்காலத்தைத் தாண்டி உபரி பட்ஜெட் வந்துவிட்டால் எல்லாமே சேர்ந்து மேலே ஏறும், மூன்றாவது தேர்தலில் எதிர்க்கட்சி இருப்பதே தெரியாது. இதற்கு மருந்து, தொடக்கத்திலேயே கடினத்தைக் கூட்டி, பதவிக்காலத்தைக் குறுக்கி வைப்பது. அடுத்தது, தொகுதிகள் இல்லை. மூன்று கட்சி முறையும் கூட்டணி ஆட்சியும் உண்டு என்றாலும், தொகுதிப் பங்கீடு, வட்டாரக் கணக்கு, உள்ளாட்சி, சாதி எதுவும் இல்லை. நாடு முழுவதும் ஒரே வாக்குப்பெட்டி. அடிப்படைப் பதிப்பின் நாடுகளில் இந்தியாவும் இல்லை. நம் ஊர் அரசியலின் சூட்டை எதிர்பார்த்து வாங்கினால் ஏமாற்றம் வரும்.

ஆட்களும் வசனமும் சூழ்ச்சியும் வேண்டுமென்றால் டார்ப்பர் கேம்ஸின் 2020 வெளியீடான சுசரெயின் பொருத்தம். சோர்ட்லாந்து என்ற கற்பனை நாட்டின் அதிபராக, முழுக்க வாசிப்பிலேயே நகரும் கேம். தீவு, கட்டடம், சர்வாதிகாரம் என்று கண்ணுக்கு விருந்து வேண்டுமென்றால் 2019-இல் வந்த ட்ரோப்பிகோ 6. ஒரு வரியை ஏற்றினால் யார் வீட்டில் என்ன மாறும் என்று கண்டுபிடிக்கும் ஆசை உள்ளவர்களுக்கு டெமாக்ரசி 4-க்கு நிகரில்லை. வாங்குகிறவர்கள் தனியாக விற்கப்படும் கூடுதல் பொதிகளை (டிஎல்சி) விட்டுவிட்டு அடிப்படைப் பதிப்பை மட்டும், ஸ்டீமில் தள்ளுபடி வரும்போது எடுத்தால் போதும். முதல் ஆட்டத்துக்கு ஐந்தாண்டுப் பதவிக்காலம், நடுத்தரக் கடினம் வைத்துக்கொள்ளுங்கள். பெரிய முடிவு எதையும் எடுப்பதற்கு முன் சேவ் செய்துவிடுங்கள்.